சிவப்பில் வீடு வேண்டாம்

புலம்பெயர்ந்த தமிழர்களின் கடைகள் நிறைந்த லா ஷப்பலில் ஒரு மளிகைக் கடையின் சுவரில், வாடகை வீட்டு விளம்பரங்களுக்கு நடுவே, நகரத்துப் பள்ளிகளின் நிலையைப் பகுதிவாரியாக நிறமிட்டுக் காட்டும் அந்த வரைபடம் ஒட்டியிருந்ததைப் பார்த்து ஹரிஹரசுதன் நின்றுவிட்டான்.

“வீடு தேடுறியளோ தம்பி?” என்றார் கடைக்காரர் இரத்தினம். “சிவப்பு அடிச்சிருக்கிற இடத்திலை மட்டும் எடுத்துப் போடாதேங்கோ.”

“ஏன் அண்ணே?”

“அங்கை பள்ளிக்கூடங்கள் சரியில்லை. முழுக்க எங்கடை பிள்ளையளும் ஆபிரிக்கப் பிள்ளையளும்தான்.”

“அந்தப் பிள்ளைங்க படிக்கிற இடத்துக்கு வாத்தியாரைக் குறைச்சு அனுப்புறாங்கன்னுதானே கீழே போட்டிருக்கு? அரசாங்கத்துக்கு உறைக்கட்டும்னு வரைஞ்சிருப்பாங்க.”

“கீழை ஆர் வாசிக்கிறது? நிறத்தைப் பார்த்தால் போதும். இதைப் பார்த்துத்தான் நானே வீடு மாறினனான். எனக்குப் பின்னாலை எங்கடை ஆக்கள் எத்தினை குடும்பம் வெளிக்கிட்டிட்டுது!”

“வசதி இருக்கிறவங்க எல்லாம் கிளம்பிட்டா, மிச்சம் இருக்கிற பிள்ளைங்க?”

“அதுக்கு நாங்கள் என்ன செய்யிறது?” இரத்தினம் தேநீரை ஆற்றி நீட்டினார். “ஆனால் இதைக் கீறினவன் புண்ணியவான், தம்பி. என்ரை மகளின்ரை படிப்பைக் காப்பாத்தினவன். அவனைக் கண்டால் வாழ்நாள் முழுக்கத் தேத்தண்ணிக்குக் காசு வாங்கமாட்டன்.”

வரைபடத்தின் கீழ் ஓரத்தை ஒரு வாடகை விளம்பரம் பாதி மறைத்திருந்தது. அதற்கடியில் ‘வரைந்தவர்’ என்று தன் பெயர் எட்டிப்பார்ப்பதைக் கண்ட ஹரிஹரசுதன், விளம்பரத்தைச் சற்று இறக்கி ஒட்டி அதை முழுதாக மூடினான்.

பிறகு தேநீருக்குக் காசை எடுத்து வைத்தான்.