டெரன்ஸ் சொன்ன மிச்சம்

அப்பாவுக்கு ஜெர்மன் பேச வராது. டொக்டரிடமும் அரசாங்கக் கந்தோரிலும் நான்தான் அவருக்காகப் பேசுவேன். அன்று பான் நகரில் எங்கள் கால்பந்துக் கழகம் அவரை அழைத்தபோதும் கூடப் போனேன்.

புதுப் பயிற்சியாளர் டெரன்ஸ், இங்கிலாந்தில் பேர்போன தடுப்பாட்டக்காரராக இருந்தவர். ஜெர்மன் வராததால் இங்கிலீஷில் சொன்னார்: "அடுத்த வருடம் உனக்கு அணியில் இடமில்லை."

எனக்குக் காது அடைத்தது. அதன்பின் அவர் நெடுநேரம் பேசியது எதுவும் ஏறவில்லை.

"என்னவாம் தம்பி?" என்றார் அப்பா.

"நல்லா விளையாடுறனாம். அடுத்த வருசமும் வரட்டாம்."

அப்பா எழும்பி டெரன்ஸின் கையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டார். அப்பாவின் கண் கலங்கியிருந்தது. நான் நிலத்தைப் பார்த்தேன்.

வீடு திரும்பும்போது ட்ராமில் அப்பாவின் கையைத் தொட்டேன்.

"அப்பா, நான் பொய் சொன்னனான். என்னை நிப்பாட்டிப்போட்டினம்."

"தெரியும். மிச்சத்தை ஏன் சொல்லேல்லை?"

"என்ன மிச்சம்?"

"பதினாறு வயசில அவரையும் கழகம் இப்பிடித்தான் வெளியில விட்டதாம். தச்சு வேலை செய்துகொண்டு, சின்னக் கழகங்களில விளையாடித்தான் பெரிய ஆள் ஆனவராம். உன்னையும் விளையாட்டை விடவேண்டாமாம்."

"உங்களுக்கு இங்கிலீஷ் விளங்குமோ?"

அப்பா சிரித்தார். "ஹோட்டல் குசினியில என்னோட வேலை செய்யிறவை கானா நாட்டுக்காரர். பன்ரண்டு வருசமா அவையோட என்ன பாசையில கதைக்கிறன் எண்டு நினைச்சனி?"

நான் ஒருநாளும் கேட்டதில்லை.