மூன்றாவது மாடி, இடது பக்கம்

"எட்டு மணிக்கு வர்றதா வாசல்ல நோட்டீஸ் ஒட்டினீங்க. இப்ப மணி பதினொண்ணு. எனக்கென்ன வேற வேலையே இல்லையா?"

கதவைத் திறந்த அம்மாள் பொரிந்து தள்ளினாள். ஹார்ட்முட் தலையிலிருந்த தொப்பியைச் சரிசெய்துகொண்டார்.

கைக்காசு போட்டுச் சின்னப் படம் எடுக்கும் பெர்லின் ஆட்களுக்கெல்லாம் அவரைத் தெரியும். முப்பத்தோரு வருடமாகப் போலீஸ்காரர், தபால்காரர், பிணம் என்று துண்டு வேடங்கள். படம் வெளிவரும்போது அதிலும் பாதியைக் கத்தரித்திருப்பார்கள். போன படத்தில் மிஞ்சியது அவருடைய முழங்கை மட்டும். இன்றைக்கு, அறைக்கு அறை இருக்கும் ஹீட்டர்களின் மீட்டரை வீடு வீடாக வந்து பார்க்கும் ஆள் வேடம். ஆறு வரி வசனம். ஒரு வரியைக்கூட வெட்ட விடுவதில்லை என்று சபதமே எடுத்திருந்தார்.

"மூணாவது மாடி, இடது பக்கம்" என்று இயக்குநர் யோரிஸ் சொல்லியிருந்தான். "கேமரா எங்க இருக்குன்னு தேடாதீங்க. என்ன நடந்தாலும் நிறுத்தாதீங்க."

ஆனால் இந்த நடிகை அவரை வாயைத் திறக்க விட்டால்தானே?

"மன்னிக்கணும்மா, மீட்டரை..."

"மொதல்ல ஷூவைக் கழட்டுங்க. இப்பதான் தரையைத் துடைச்சேன்."

இது கதையிலேயே இல்லை. கழற்றினார்.

"மீட்டர் எங்க..."

"சோபாவுக்குப் பின்னால. நகர்த்திட்டுப் பாருங்க. போன வருஷம் வந்தவன் பார்க்காமலே ஏதோ ஒரு நம்பரை எழுதிட்டுப் போயிட்டான்."

மேடை நாடகத்திலிருந்து வந்தவளாக இருக்கும். எதிரே ஒருவன் நிற்பதே இவர்கள் கண்ணில் படாது. ஆறில் இரண்டு வரி போச்சு. எரிச்சலை விழுங்கிக்கொண்டு சோபாவைத் தள்ளினார்.

கடைசி அறையில் மீட்டர் பூஜ்யத்தில் நின்றது.

"இங்க எண் நகரவே இல்லையேம்மா."

"அவர் போனப்புறம் இந்த ரூமைத் திறக்கல" என்றாள். முதல்முறையாகக் குரல் தணிந்தது. "இன்னிக்கு உங்களாலதான் திறந்தேன்."

ஹார்ட்முட்டுக்கு வசனம் மறந்துபோயிற்று. தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு சும்மா நின்றார். கண் தானாக நிறைந்தது. இந்த இடத்தை எவனாலும் வெட்ட முடியாது என்று நினைத்தபோது சந்தோஷம் தாங்கவில்லை.

கீழே முற்றத்தில் யோரிஸ் எதிரே ஓடி வந்தான்.

"எப்படி இருந்துது?" என்றார் ஹார்ட்முட்.

"என்ன எப்படி? ஒரு மணி நேரமா பின்கட்டு மூணாவது மாடியில கேமராவை வச்சுக்கிட்டுக் காத்துக் கிடக்கோம். நீங்க முன்கட்டுல என்ன பண்றீங்க?"

ஹார்ட்முட் குப்பைத் தொட்டிகளுக்குப் பக்கத்திலிருந்த பெஞ்சில் உட்கார்ந்துவிட்டார். யோரிஸ் திட்டிக்கொண்டே இருந்தான். வாழ்நாளில் அவர் அப்படி நடித்ததில்லை, அதைப் படம்பிடிக்க அங்கே யாருமே இல்லை.

கொஞ்ச நேரம் கழித்து, தொப்பியும் பையுமாக ஒருவன் முன்கட்டிலிருந்து முணுமுணுத்தபடி வந்தான்.

"மீட்டர் பார்க்க வந்தேன் சார். மூணாவது மாடியம்மா கதவை மூஞ்சில சாத்திட்டாங்க. நிஜமான ஆள் வந்து பார்த்துட்டுப் போயாச்சாம், என் வேஷத்தை வேற எங்கயாவது போய்க் காட்டணுமாம்."