உன் நாத்தனார் எங்கே?

“ஓவன் கதவைத் திறக்காதீங்க அண்ணி, சூடெல்லாம் ஓடிப்போயிடும்!”

நாத்தனார் இதைச் சொன்னபோது மணி பதினொன்றா, பதினொன்றரையா, சரியாக நினைவில்லை. வார்த்தைகூட முன்னே பின்னே இருக்கலாம். அன்று அந்த ஓட்டல் சமையலறையில் எல்லோரும் ஒரே நேரத்தில் கத்திக்கொண்டிருந்தார்கள். உருளைக்கிழங்கு மட்டும் நன்றாக நினைவிருக்கிறது.

அண்ணி அங்கே பதினைந்து வருஷமாகச் சமையல்காரி. நாத்தனார், அவள் வீட்டுக்காரரின் தங்கை, பாத்திரம் கழுவுகிறவள். ஓட்டலுக்குப் புதிதாக ஒரு கிளை திறக்கிறார்கள். அதற்குத் தலைமைச் சமையல் யார் என்பது அன்று மதியம் முடிவாகும். முதலாளி விருந்தாளிகளோடு வந்து உட்கார்ந்துவிட்டார். கோழி வறுவலுக்குத் துணையாக அண்ணியின் ஓவன் உருளைக்கிழங்கு. மேசைக்குப் போகுமுன் பெரிய சமையல்காரர் அதை வாயில் போட்டுப் பார்த்துத் தலையை ஆட்ட வேண்டும்.

அவருக்குத் ‘தராசு’ என்று பட்டப்பெயர். உப்பு ஒரு சிட்டிகை ஏறினாலும் தட்டு பறக்கும். ஒரு மாதமாகத்தான் எதுவும் பறக்கவில்லை. பேத்தி பிறந்ததில் மனிதர் கனிந்துவிட்டார் என்று பேசிக்கொண்டார்கள்.

“ஏன் அண்ணி இப்படிப் பதறுறீங்க?”

“உனக்கென்னடி, நாக்கு இருக்கு. பேசுவே.”

போன மாதம் சமையலறையையே ஒரு சுற்றுச் சுற்றிய காய்ச்சல், போகும்போது அண்ணியின் மூக்கையும் நாக்கையும் சுருட்டிக்கொண்டு போயிருந்தது. அவளுக்குச் சர்க்கரையும் ஒன்றுதான், சாம்பலும் ஒன்றுதான். வெளியே தெரிந்தால் புதுக் கிளை என்ன, இருக்கிற வேலையே போய்விடும். அதனால் நாத்தனார்தான் அவளுக்கு நாக்கு. பாத்திரம் எடுக்கிற சாக்கில் வருவாள், விரலால் தொட்டு நக்குவாள், “இன்னும் கொஞ்சம்”, “போதும்” என்று காதில் போட்டுவிட்டு நகர்ந்துவிடுவாள்.

கிழங்கை முக்கால் பதம் வேகவைத்து, நீரை வடித்து, மூடி போட்டுக் குலுக்கி ஓரங்களைச் சொரசொரப்பாக்கியிருந்தாள் அண்ணி. ஓவனில் சூடேறிக் காய்ந்துகொண்டிருந்த எண்ணெய் ட்ரேயில் அதைக் கொட்டியபோது ‘சொய்ங்’ என்று எழுந்த சத்தத்தில் அவளுக்குப் பாதி உயிர் திரும்பியது. நாக்கு போனால் போகட்டும், காது இருக்கிறதே! பூண்டு, மிளகு, மிளகாய்த்தூள், உப்பு எல்லாம் தனித்தனிக் கிண்ணங்களில் அளந்து தயாராக இருந்தன. கிழங்கு வெளியே வந்ததும் சூட்டோடு போட்டுப் புரட்ட வேண்டியதுதான்.

“யாராவது வந்து கண்ணாடி டம்ளர் துடைங்கப்பா!” என்று முன்பக்கத்திலிருந்து குரல் வந்தது.

“ரெண்டே நிமிஷம் அண்ணி, ஓடி வந்துடறேன்.”

“அடிப்பாவி, இப்பவா?”

போய்விட்டாள். அதே நொடியில் ஓவன் மணி அடித்தது.

அண்ணி கைத்துண்டால் ட்ரேயை இழுத்து மேசையில் வைத்தாள். துண்டை வீசினாள். கிழங்கு பொன்னாய் மின்னியது. ட்ரேயைக் குலுக்கினால் கூழாங்கற்கள் மாதிரி கலகலத்தது. கிண்ணங்களைக் கவிழ்த்தாள், புரட்டினாள், சந்தோஷத்தில் மூச்சு வாங்க நிமிர்ந்தாள். எதிரே தராசு.

“ஆச்சா?”

“ஆச்சுங்கய்யா.”

அவர் சுற்றுமுற்றும் பார்த்தார். “உன் நாத்தனார் எங்கே?”

“டம்ளர் துடைக்கப் போயிருக்கா. கூப்பிடட்டுங்களா?”

“சேச்சே, அவ எதுக்கு!” வாசல் பக்கம் ஒருமுறை எட்டிப் பார்த்தார். “நீ ருசி பார்த்தியா?”

“பார்த்தேனே. பிரமாதமா வந்திருக்கு” என்றாள், கண்ணைச் சிமிட்டாமல்.

ஒரு கிழங்கை எடுத்து வாயில் போட்டார். மொறுக். கண்ணை மூடினார். பதினைந்து வருஷத்தில் எதையும் அவர் அவ்வளவு நேரம் மென்று அவள் பார்த்ததில்லை.

“உப்பு அளவெடுத்துப் போட்ட மாதிரி இருக்கு. புதுக் கிளை உனக்குத்தாம்மா! முதலாளிகிட்ட இப்பவே சொல்றேன். அஞ்சு நிமிஷத்துல மேசைக்கு வரட்டும்.”

அவர் போனதும் அண்ணிக்குக் கால் தரையில் பாவவில்லை. சின்னப் பெண் மாதிரி ஒரு குதி குதித்தாள். மேசையைத் துடைக்கத் துண்டை எடுத்தாள்.

அடியில் உப்புக் கிண்ணம். அளந்து வைத்தது வைத்தபடி.

நாத்தனார் மூச்சிரைக்க ஓடிவந்து ஒரு கிழங்கை வாயில் போட்டாள். “ஐயோ அண்ணி, இதுல ஒரு கல் உப்புகூட இல்லையே!”

“அளவெடுத்துப் போட்ட மாதிரி இருக்குன்னாரேடி!” அண்ணி அவசர அவசரமாக உப்பைத் தூவினாள்.

“யாரு? தராசா?” நாத்தனார் தலையில் கை வைத்துக்கொண்டாள். “நான் இல்லாம அவர் எதுக்கு ருசி பார்த்தார்?”

அண்ணியின் கை அந்தரத்தில் நின்றது. “என்னடி சொல்றே?”

“ஒரு மாசமா அவருக்கும் நான்தான் அண்ணி சொல்றேன். உங்ககிட்ட மூச்சு விடக்கூடாதுன்னு சத்தியம் வாங்கியிருக்கார். அவர்கிட்ட சொல்லாதேன்னு நீங்க வாங்கின மாதிரியே.”

உப்பு சேர்ந்த ட்ரே மேசைக்குப் போய், வழித்துத் துடைத்துத் திரும்பி வந்தது. அண்ணி புதுக் கிளைக்குத் தலைமைச் சமையல்காரி ஆனாள். தராசு பழைய இடத்திலேயே இருந்தார். பாத்திரம் கழுவுகிற ஒருத்தி தன்னிடம்தான் இருக்க வேண்டும் என்று அவர்கள் இரண்டு பேரும் ஏன் ஒரு வாரம் மல்லுக்கு நின்றார்கள் என்பதுதான் முதலாளிக்கு இன்றுவரை புரியவில்லை.