வேலியோரம் இரண்டு செடிகள்

வேர் வருவதாக இல்லை.

தண்டைக் கையில் சுற்றிப் பிடித்து, வேலிக்கட்டையில் காலை ஊன்றி இழுத்தார். கண்ணில் நீர் வழிந்தது. எல்லாம் இந்த ராக்வீட் களை செய்கிற வேலை. ஓஹையோவில் ஆகஸ்ட் பிறந்தால் போதும், அதன் மகரந்தம் காற்றில் ஏறி அவர் மூக்கை அடைத்துவிடும்.

அதைத் தேடிப் பிடுங்குவது மனைவி செண்பகவல்லியின் வேலையாக இருந்தது. சித்த மருத்துவம் படித்தவள். இந்த ஊரில் அந்தப் படிப்பை யாரும் சீண்டவில்லை. தன் வைத்தியத்தையெல்லாம் இவர்மேல்தான் காட்டினாள்.

பங்குனியில் இறந்துபோனாள்.

இந்த வருடம் வீட்டுக்குப் பின்னால் எல்லாம் இடுப்புயரம்.

வேர் ஒருவழியாக வந்தது. கூடவே இவரும் தரையில் உட்கார்ந்தார். ஜெயித்துவிட்ட தெம்பில் அடுத்ததையும் பிடுங்கினார். அதற்கடுத்ததையும். வரிசையாக.

வரிசையாக.

களைச்செடி எங்காவது வரிசையாக முளைக்குமா?

ஒரு இலையைத் திருப்பினார். அடிப்பக்கம் வெள்ளை.

மாசிபத்திரி. அவள் நட்டது. தலைவலி என்று இவர் படுத்தால் கசக்கி நெற்றியில் வைப்பாளே, அது.

ராக்வீடுக்கு இரண்டு பக்கமும் பச்சை. வருடாவருடம் சொல்லியிருக்கிறாள். இவரும் வருடாவருடம் தலையாட்டியிருக்கிறார். திருப்பிப் பார்க்கத்தான் அவள் இருக்கிறாளே என்று இருந்துவிட்டார். மடையன்.

இலையைக் கசக்கி மூக்கில் வைத்தார்.

ஒன்றும் தெரியவில்லை. மூக்கு அடைத்திருந்தது.

அவள் கையில் எப்போதும் இருந்த வாசனை அது. நினைவிலாவது வருகிறதா என்று பார்த்தார். வரவில்லை. பயமாக இருந்தது.

பிடுங்கியதையெல்லாம் திரும்ப நட்டுத் தண்ணீர் விட்டார். பிழைக்குமா என்று கேட்க ஆளில்லை.

ராக்வீட் சற்றுத் தள்ளி ஆடிக்கொண்டிருந்தது. அதன்மேல்கூட அவளுக்குக் கோபம் கிடையாது. இந்த மண்ணின் பூர்வகுடிகள் பூச்சிக்கடிக்கு அதைத்தான் கசக்கிப் பூசுவார்களாம். செடி நல்லதுதான், உங்கள் மூக்குதான் சரியில்லை என்பாள்.

இலையைத் திருப்பினார். பச்சை.

பிடுங்கினார். சுலபமாக வந்தது. மகரந்தம் முகமெல்லாம் கொட்டியது.

தும்மினார்.

முன்பெல்லாம் சமையலறை ஜன்னலிலிருந்து 'நூறு' என்று அவள் குரல் வரும். இன்னொரு தும்மலுக்கு 'இருநூறு'. அதற்கும் அடங்காவிட்டால், "போதும் சாமி, அவ்வளவு நாளெல்லாம் உங்களோட என்னால குப்பை கொட்ட முடியாது!"

இரண்டாவது வந்தது.

மூன்றாவதை மூக்கைப் பிடித்து அடக்கப் பார்த்தார். முடியவில்லை.

அதற்குப் பிறகும் தும்மினார். யாரும் போதும் என்று சொல்லவில்லை.