முகம் பார்க்கும் கருவி

ஊரில் மகள் காய்ச்சலில் கிடக்க, தம்பானூர் லாட்ஜில் வரவேற்பில் நிற்கும் பேச்சி அன்றும் சிரித்தபடியே வருகைப்பதிவுக் கருவிக்கு முகம் காட்டினாள். வேலைக்குச் சேர்ந்து ஒரு வாரம்தான்; லீவு கேட்க வாய் வரவில்லை. கண்ணுக்கும் மூக்குக்கும் உள்ள தூரத்தை அளந்துதான் அந்தக் கருவி ஆளை அறியும். சிரிப்பும் அழுகையும் அதற்கு ஒன்றுதான். ஆனால் திரையில் அவள் முகம் அழுதுகொண்டிருந்தது.

மேனேஜர் சுதீஷ் திரையை எட்டிப் பார்த்தார். "எந்தா சேச்சி, வீட்டுல பிரச்சினையா?"

"ஒண்ணுமில்ல சாரே," என்று சிரித்தாள்.

"அப்போ இங்க அழுறது ஆரு? நாகர்கோவில் வண்டியப் பிடிங்க. பிள்ளையப் பாத்துட்டு வாங்க."

பிள்ளையைப் பற்றி அவள் யாரிடமும் சொன்னதில்லை. கன்னத்தைத் தொட்டாள், காய்ந்திருந்தது. திரையைக் கும்பிட்டு, அதிலிருந்த கன்னத்தை முந்தானையால் துடைத்துவிட்டாள். முந்தானை நனைந்தது.