பன்னிரண்டு பிறந்தநாள்

"சூப்பர் மார்க்கெட்லேருந்து சுகன்யா பேசுறேங்க. லீலாவதி மேடத்துக்கு இன்னிக்குப் பொறந்தநாள். வாழ்த்துச் சொல்லலாம்னு..."

"அவ குளிச்சிட்டிருக்காம்மா, சொல்லிடுறேன்" என்றார் அரங்கநாதன். "வச்சிடாதம்மா. துறைமங்கலத்துல நல்ல மழை. ஒங்க கடைப் பக்கம் பேஞ்சுதா? நீ சாப்ட்டியா?"

பெரம்பலூரில் அந்தக் கடைக்குக் கம்ப்யூட்டர் வந்து ஒரு வருடம் ஆகியிருந்தது. கடையின் சலுகைக் கார்டு வாங்கிய வாடிக்கையாளர்களில் அன்றைக்கு யாருக்குப் பிறந்தநாள் என்று காலையிலேயே அது சொல்லிவிடும். சுகன்யா போனில் வாழ்த்த வேண்டும். அவர்கள் கடைக்கு வந்தால் அரைக் கிலோ சர்க்கரை இலவசம்.

அரங்கநாதன் ஒரே தடவையில் பன்னிரண்டு கார்டுக்கு விண்ணப்பப் பாரம் வாங்கிப்போய் நிரப்பிக் கொண்டுவந்த புண்ணியவான். ஊரில் பாதிப் பேருக்குப் பள்ளிக்கூட வாத்தியார் போட்டதுதான் பிறந்த தேதி. எவரைக் கேட்டாலும் ஜூன் மாதம் என்பார்கள். அவர் வீட்டில் மட்டும் மாதத்துக்கு ஒருவராகப் பிறந்திருந்தார்கள்.

சுகன்யாவுக்கு அந்த வீட்டின் மேல் பொறாமை. ஜெயங்கொண்டத்திலிருந்து வந்து ஹாஸ்டலில் தங்கியிருக்கிறாள். தன் பிறந்தநாளன்று தனியாகக் கோயிலுக்குப் போய், தனியாகத் திரும்பி வந்து, அழுதுவிட்டுத் தூங்கினாள். பன்னிரண்டு பேர் உள்ள வீட்டில் பிறந்திருந்தால் அந்தக் கதி வந்திருக்குமா?

போனை வைத்ததும் மேனேஜர் அன்பழகன் கூப்பிட்டார். கம்ப்யூட்டர் திரையை அவள் பக்கம் திருப்பினார்.

"புது சாப்ட்வேர் என்ன சொல்லுது பாரு. ஒரே போன் நம்பர்ல பன்னெண்டு கார்டு. அரங்கநாதன் வர்றாரு, சரி. மத்த பதினோரு பேரு யாரு? ஒருத்தர்கூட சர்க்கரை வாங்க வரலியே! டார்கெட்டுக்காக நீயே பேரு எழுதிச் சேத்துட்டியா?"

"அய்யோ, சத்தியமா இல்ல சார்! அந்த வூட்ல நெறயப் பேரு இருக்காங்க."

"அப்ப சாயங்காலத்துக்குள்ள ஒருத்தரக் கூட்டியாந்து காட்டு. இல்லாட்டி நாளைக்கு வேலைக்கு வராத."

இந்த வேலை போனால் ஊருக்குத் திரும்பி முந்திரிக்கொட்டை உடைக்க வேண்டியதுதான். கண் கலங்கியபடியே டவுன் பஸ் ஏறினாள்.

துறைமங்கலத்தில் வீட்டைக் கண்டுபிடிப்பது கஷ்டமாக இல்லை. கதவைத் திறந்த அரங்கநாதனுக்கு அவளைப் பார்த்ததும் முகமெல்லாம் சிரிப்பு.

"சுகன்யாவா! வாம்மா, வா. காப்பி போடட்டுமா?"

"காப்பியெல்லாம் வேணாம் சார். லீலாவதி மேடத்தக் கொஞ்சம் கூப்பிடுங்க. இல்லாட்டி வீரமணி, தேவயானி, யாராச்சும் ஒருத்தரு எங்கூடக் கடைக்கு வரணும். இல்லேன்னா என் வேலையே போயிடும் சார்."

நடந்ததையெல்லாம் மூச்சு விடாமல் சொல்லி முடித்தாள். பெரியவரின் சிரிப்பு அப்படியே வடிந்துபோனது. கதவு நிலையைப் பிடித்துக்கொண்டார்.

"என்னால ஒன் வேலை போகக் கூடாதும்மா. இரு, சட்டைய மாட்டிட்டு வரேன்."

"நீங்க மட்டும் வந்தா ஒத்துக்க மாட்டாரு சார்."

"நான் வந்தா பன்னெண்டு பேரும் வந்த மாதிரிதான். வந்து பேசிக்கிறேன்."

பெரியவர் வந்து சொன்னால் மேனேஜர் கேட்பார் என்று சுகன்யாவுக்குப் போன உயிர் திரும்பி வந்தது. அவர் சட்டையை மாட்டிக்கொண்டு வெளியே வந்தார். கதவைச் சாத்தினார். பெரிய பூட்டு ஒன்றைப் போட்டுப் பூட்டி, இழுத்தும் பார்த்தார்.

"என்ன சார், வூட்ல ஆளுங்கள வச்சிக்கிட்டு வெளிய பூட்டுறீங்க?"

அரங்கநாதன் அவள் முகத்தைப் பார்க்காமல் சொன்னார்.

"உள்ள யாரும் இல்லம்மா, மாசத்துக்கு ஒரு போனாச்சும் வரட்டும்னு நாந்தான் பேரு எழுதினேன்."