ஜீப்பின் ஊளை

கந்தவேல் விடிந்ததும் எழுந்தான். பல் துலக்கிக் குளித்தான். திருநீறு பூசினான். செல்லாத்தாளின் படத்துக்கு மல்லிகைச் சரம் போட்டு, முதல் டம்ளர் காப்பியைப் படத்துக்கு முன்னால் வைத்து, கண்ணைத் துடைத்துக்கொண்டான். காப்பி ஆறுவதற்குள் எடுத்து அவனே குடித்தான். மனைவி செத்ததிலிருந்து இது ஒரு நாளும் தவறியதில்லை.

மாமனார் ஆத்தப்பன் அதைப் பார்த்து உருகிப்போனார். திருமுருகன்பூண்டியிலிருந்து நிச்சயத்துக்குச் சாமான் வாங்க வந்து, முந்தின இரவு அங்கேயே தங்கியிருந்தார். மறுநாள் அவருடைய இளைய மகள் அமராவதிக்கும் கந்தவேலுக்கும் நிச்சயம்.

அமராவதிக்கு அதில் இஷ்டமில்லை. ஆசிரியப் பயிற்சிக்கு இடம் கிடைத்திருந்தது. அழுதாள், சாப்பிடாமல் கிடந்தாள். ஆனால் அக்காவின் கடைசி வார்த்தையை யாரால் தட்ட முடியும்? கோயமுத்தூர் ஆஸ்பத்திரிக்குப் போகும் வழியில் ஜீப்பிலேயே உயிரை விட்ட செல்லாத்தாள், "என் தங்கச்சியக் கட்டிக்குங்க" என்று சொல்லிவிட்டுத்தான் கண்ணை மூடினாள் என்று கந்தவேல் சொல்லியிருந்தான்.

கருமாதியன்று அது ஒரு வரியாக இருந்தது. சொல்லச் சொல்ல வளர்ந்தது. அமராவதியின் குணத்துக்கு ஒரு பாராட்டும், அவனுடைய பனியன் கம்பெனியின் எதிர்காலத்தைப் பற்றி ஒரு கவலையும் அதில் சேர்ந்துகொண்டன. கடைசியாகச் சேர்ந்தது கல்யாணத்துக்கான மாதம். ஆவணி.

இருவரும் ஜீப்பில் மெக்கானிக் உமரின் ஒர்க்ஷாப்புக்குக் கிளம்பினார்கள். யுத்தம் முடிந்து மிலிட்டரிக்காரர்கள் ஏலம் விட்டபோது எடுத்த, நாலு சக்கரமும் இழுக்கிற ஜீப். வழியில் ஆத்தப்பன் ஏதோ கேட்டார். பக்கத்தில் இருந்த கந்தவேல், "ஏனுங்க மாமா?" என்று கத்தினான். அவர் கையை ஆட்டி, அப்புறம் பேசிக்கொள்ளலாம் என்று காட்டினார்.

ஒர்க்ஷாப்பில் இறங்கியதும் கந்தவேல் சொன்னான்: "பாய், நாளைக்கு நிச்சயத்துக்குப் போற வண்டிங்க. இந்த ஊளையோட போய் எறங்குனா ஊரே சிரிக்கும்."

உமர் வண்டிக்கு அடியில் படுத்து, டிரான்ஸ்ஃபர் பெட்டியின் மேல் திருகை முதலில் கழற்றினார். புது எண்ணெய் ஊற்ற வழி இருக்கிறது என்று உறுதியான பிறகுதான் கீழ்த் திருகைத் தொட்டார். பழைய எண்ணெய் தார் மாதிரி இறங்கியது. அதுவும் ஆழாக்கு தேறாது. விரலில் ஒட்டியதை வெளியே நீட்டிக் காட்டினார். இரும்புப் பொடி மின்னியது.

"நாலு சக்கரத்துக்கும் இழுப்பைப் பிரிச்சுக் குடுக்கற பெட்டிங்க இது. எண்ணெ இல்லாம பல்லோட பல்லு அரைச்சுட்டுக் கெடக்குது. போன வருசமே மாத்தச் சொன்னனுங்களே, மொதலாளி."

"வண்டி ஓடுச்சுங்க, அப்படியே உட்டுட்டேன்."

"ஓடாம என்னங்க. நீங்க பல்லடம் ரோட்டுல வந்தா எங்கூட்டு ஆடு இங்க கயித்த அறுத்துட்டு ஓடும்."

ஆத்தப்பன் சிரித்தார். பாதிச் சிரிப்பில் நிறுத்தினார்.

"ஏனுங்க மாப்ள, எம்புள்ளையக் கூட்டிட்டுப் போனப்பவும் இதே சத்தந்தானுங்களா?"

"அன்னிக்கு மெதுவா ஓட்டுனனுங்க மாமா."

"உசுருக்குப் போராடறவள வச்சுட்டு மெதுவாவா ஓட்டுனீங்க?"

"வேகமாத்தானுங்க ஓட்டுனேன். சொல்றப்ப மட்டும் மெதுவா ஓட்டுனேன்."

"அவ சொல்லப் போறான்னு உங்களுக்கு எப்படித் தெரிஞ்சுதுங்க? நீங்க முன்னால ஓட்டிட்டிருந்தீங்க. அவ பின்னால படுத்திருந்தா."

கந்தவேல் குனிந்து, "எண்ணெ எத்தனை புடிக்குமுங்க பாய்?" என்று கேட்டான்.

"மேல் ஓட்டையில வழியற வரைக்குமுங்க," என்றார் அடியிலிருந்து உமர்.

அப்போது பின்கட்டிலிருந்து உமரின் மனைவி சைதுன்னிசா டீ கொண்டுவந்தாள். அன்றைக்கு ஜீப்பின் பின்பக்கம் செல்லாத்தாளின் தலையை மடியில் வைத்துக்கொண்டு துணைக்குப் போனவள் அவள்தான். மறுநாளே, தாய்க்குச் சுகமில்லை என்று தாராபுரம் போய்விட்டாள். திரும்பி வந்ததே முந்தின நாள் சாயங்காலம்தான்.

கந்தவேலின் முகம் அவளைப் பார்த்ததும் மாறியது. "நீங்க இன்னும் தாராபுரத்துலதான் இருக்கறதாச் சொன்னாங்க."

"அம்மாவுக்கு நல்லாயிருச்சுங்க. வந்துட்டேன்."

ஆத்தப்பன் டீயை வாங்கவில்லை. "கண்ணு, அன்னிக்கு எம்புள்ள கடைசியா ஏதாச்சும் சொல்லுச்சா?"

அவள் கந்தவேலைப் பார்த்தாள். பிறகு தரையைப் பார்த்தாள். "போய்ச் சேந்துருச்சுங்கய்யா பாவம். அத எதுக்குங்க இப்ப?"

"சொல்லு சாமி. அது சொன்ன வார்த்தைய நம்பித்தான் நாளைக்கு எங்க சின்னப் புள்ளைய இவருக்கு நிச்சயம் பண்றோம்."

சைதுன்னிசாவுக்கு இது புதுச் செய்தி. தட்டைக் கீழே வைத்தாள்.

"நிச்சயமுங்களா?"

"நாளைக்கு."

கந்தவேல், "நேரமாச்சுங்க மாமா, சாமான் வாங்கப் போகலாமுங்க," என்றான். ஜீப் அவனுக்கு உதவவில்லை. அதன் பெட்டி திறந்து கிடந்தது.

"திரும்பத் திரும்ப ஒண்ணையேதானுங்க சொல்லுச்சு," என்றாள் சைதுன்னிசா. "நானும் முன்னால பாத்துக் கத்துனேன். இவருக்குக் கேக்கவே இல்லீங்க. வண்டி அப்ப உங்க பூண்டிக்குள்ளதான் போயிட்டிருந்துச்சு."

"என்னன்னு சொல்லுச்சு?"

"'இனி இவருகூட வாழ மாட்டனுங்கக்கா, எங்கப்பன் ஊட்டுல எறக்கி உட்டுருங்க.'"